குசினிக் கதவைத் திறந்தால் டச் பே

திருகோணமலையில் சர்ரியல், அதாவது கனவின் போக்கில் ஓடும், குறும்படம் எடுக்க நினைக்கிறவருக்கு முதல் தொந்தரவு ஊர்தான். கோட்டையிலும் அதைச் சுற்றியுள்ள தெருக்களிலும் புள்ளிமான் சாதாரணமாக நடந்து திரியும். கன்னியாவில் ஏழு வெந்நீர்க் கிணறு, ஒவ்வொன்றிலும் ஒவ்வொரு சூடு. சீனன்குடாக் காட்டுக்குள் பிரித்தானியர் கட்டிவிட்டுப் போன எண்ணெய்த் தாங்கிகள் இரும்பு யானைகள் மாதிரி நிற்கின்றன. வெளியூர்க்காரர் இதில் எதைப் படம் பிடித்தாலும் கனவுபோல இருக்கும். ஊர்க்காரருக்கு அது வெறும் வியாழக்கிழமை. மானைக் காட்டினால் "மான் நிக்குது" என்பார், அவ்வளவுதான்.

ஆகவே விசித்திரமான பொருளைத் தேடிப் போவதில் பயனில்லை. அன்றாட வாழ்க்கையின் ஒரேயொரு விதியை உடைத்துவிட்டு, மற்ற எல்லாவற்றையும் அச்சுப்பிசகாமல் வழமைபோல வைத்திருக்க வேண்டும். இரண்டு விதியை உடைத்தால் பார்க்கிறவர் கணக்கை விட்டுவிடுவார். மூன்றை உடைத்தால் அது இசைக் காணொளி. 1943இல் மாயா டெரனும் அலெக்சாண்டர் ஹமிட்டும் என்ற இரண்டு படைப்பாளிகள் தங்கள் வீட்டிலேயே எடுத்த, ஏறக்குறைய 14 நிமிடப் படமான "மெஷஸ் ஒஃப் த ஆஃப்டர்நூன்" இல் திரும்பத் திரும்ப வருவது ஒரு சாவி, ஒரு பாண் கத்தி, ஒரு தொலைபேசி, ஒரு படிக்கட்டு. முகமூடி, பொம்மை, உடைந்த கண்ணாடி, சதுரங்கப் பலகை, ஓடாத மணிக்கூடு எல்லாம் வேறு ஆட்கள் தேய்த்துவிட்டுப் போனவை. அவற்றை அலுமாரியிலேயே விட்டுவிடலாம்.

வசதிக்காக ஒரு ஆறு நிமிடப் படத்தை எடுத்துக்கொள்வோம். ஒருவர் விடிய எழும்புகிறார், பிளேன்ரீ குடிக்கிறார், மீன் வாங்குகிறார், சலூனுக்குப் போகிறார், வீடு திரும்புகிறார். உடையும் விதி கதவு. எந்தக் கதவைத் திறந்தாலும் அது போகவேண்டிய இடத்துக்குப் போகாது. குசினிக் கதவு டச் பே கடற்கரை மணலில் திறக்கிறது. சலூன் கதவு பக்கத்து வீட்டு விறாந்தையில் திறக்கிறது.

நடிப்பவருக்குச் சொல்லவேண்டியது ஒன்றே ஒன்று: ஆச்சரியப்படாதீர்கள். அவர் கண்ணை விரித்த அந்த நொடியே படம் பேய்ப்படமாகிவிடும், சிரித்தால் பகிடியாகிவிடும். ஆள் காலில் கடற்கரை மணலோடு சலூன் கதவால் அயல்வீட்டுக்குள் வந்து நிற்கிறார். வீட்டுக்கார அக்காவின் கவலை தரையைப் பற்றித்தான் இருக்க வேண்டும்.

"அக்கா, கொஞ்சம் உப்பு இருக்கா?"

"இருக்கு தம்பி. முதல்ல கால் மண்ணைத் தட்டிப்போட்டு வா. இப்பதான் கூட்டினனான்."

இவ்வளவு போதும். கடல் எப்படி வந்தது என்று அக்கா கேட்கவே கூடாது. கேட்டால் அதற்கு யாராவது பதில் சொல்ல வேண்டிவரும். பதில் வந்த இடத்தில் சர்ரியல் செத்துவிடும்.

கருவியில் முதலில் மாறாமல் பூட்ட வேண்டியது பிரேம் வேகம், அதாவது நொடிக்கு எத்தனை படம் என்பது. எங்கள் மின்சாரம் 50 ஹேர்ட்ஸ். ரியூப் லைற்றும் மலிவான எல்ஈடி பல்பும் நொடிக்கு 100 தடவை மினுங்குகின்றன. போன் வாங்கும்போது இருக்கும் 30 பிரேமில், 1/60 ஷட்டரில் (ஒவ்வொரு படமும் வெளிச்சம் வாங்கும் நேரம், நொடியில்) சலூனுக்குள் எடுத்தால் சுவரில் கறுப்புப் பட்டிகள் மேலும் கீழும் ஊரும். கண்ணாடி நிறைந்த சலூனில் அது இரட்டிப்பாகத் தெரியும். எடிட்டில் அதைத் துடைப்பது பெரும்பாடு. 25 பிரேம், 1/50 ஷட்டர் என்று பூட்டிவிட்டால் வராது. மெதுவசைவு தேவையென்றால் 100 பிரேமில் 1/100. 120 பிரேமில் இந்த விளக்குகளுக்குக் கீழே எடுத்தால் மினுங்கும். சாதாரண போன் கமராவில் 25 கிடைக்காவிட்டால் பிளக்மேஜிக் கமரா என்ற இலவசச் செயலியில் கிடைக்கும். ஷட்டர், ஐஎஸ்ஓ (ஒளியுணர்வு), வெண்சமநிலை (வெள்ளை வெள்ளையாகத் தெரியவைக்கும் நிற அளவு), ஃபோகஸ் நான்கையும் அதிலேயே தனித்தனியாகப் பூட்டலாம்.

போன்களில் இன்னொரு கள்ளத்தனமும் உண்டு. 25 என்று சொல்லிவிட்டு வெளிச்சம் குறைந்த இடத்தில் 23, 24 என்று இறங்கும். தனியாகப் பதிந்த ஒலியை அதோடு ஒட்டினால் மூன்றாம் நிமிடத்தில் வாயசைவு விலகத் தொடங்கும். எடிட்டுக்கு முன்பு ஹான்ட்பிரேக் என்ற இலவச மென்பொருளில் போட்டு, மாறாத பிரேம் வேகம் என்பதைத் தெரிவுசெய்து, 25க்கு மாற்றிக்கொள்ளுங்கள்.

வெளியில் வேறு பிரச்சினை. மத்தியான வெயிலில் போனின் எஃப் 1.8 லென்ஸ் ஐஎஸ்ஓ 50இல் 1/4000க்குக் கிட்டே போனால்தான் வெளிச்சம் சரியாகும். அப்போது அலையும் நடையும் வெட்டிவெட்டித் தெரியும், குசினிக் காட்சியோடு ஒட்டாது. 1/50க்கு இறக்க ஏறக்குறைய ஆறு ஸ்டொப் குறைக்க வேண்டும் (ஒரு ஸ்டொப் என்றால் வெளிச்சம் பாதியாவது), அதற்கு லென்ஸுக்கு முன் போடும் கறுப்புக் கண்ணாடியான என்டி 64 ஃபில்டர். திருப்பித் திருப்பிக் கூட்டிக் குறைக்கும் மலிவான ஃபில்டரை அகலக் கோணத்தில் போட்டால் வானத்தில் எக்ஸ் வடிவில் கறை விழும். கூலிங் கிளாஸை லென்ஸுக்கு முன் பிடிப்பது இரண்டு மூன்று ஸ்டொப் மட்டுமே குறைக்கும், நிறத்தையும் கெடுக்கும்.

இனிக் கதவு. முழுப் படமும் தொங்கிக்கொண்டிருப்பது இதில்தான், ஆகவே நேரத்தில் பாதியை இதற்கு ஒதுக்கலாம்.

முதல் ஷொட் குசினிக்குள். கமரா நடிகரின் முதுகுக்குப் பின்னால், தரையிலிருந்து 1.4 மீற்றர் உயரத்தில். அவர் கதவைத் திறக்கிறார். அந்தக் கணம் வெளியே பப்பாசி மரமும் தண்ணீர்த் தாங்கியும் தெரிந்தால் கதை முடிந்தது. கதவுக்கு ஒரு மீற்றர் வெளியே வெள்ளை வேட்டியைக் கொடியில் இறுக்கி விரித்துக் கட்டுங்கள். உள்ளே இருட்டுக்கு எக்ஸ்போஷரை (வெளிச்ச அளவை) பூட்டினால் வெயில் பட்ட வேட்டி வெறும் வெளிச்சமாக வெந்துபோகும், மடிப்பே தெரியாது. வெயில் அந்தச் சுவர்ப் பக்கம் விழும் நேரத்தை முதல் நாளே பார்த்து வையுங்கள். நிழலில் இருக்கும் வேட்டி வேட்டியாகவே தெரியும்.

இரண்டாவது ஷொட் டச் பே மணலில். இங்கே கதவு நிலைபோல ஒரு சட்டம் தேவை. 2க்கு 1 அங்குலப் பலகைச் சட்டம் மூன்று துண்டு. உயரம் ஆறரை அடி, அகலம் இரண்டே முக்கால் அடி, இரண்டு காலும் மணலுக்குள் புதைய மேலதிகமாக ஒன்றரை அடி. கால் ஒன்றரை அடி இறங்காவிட்டால் காற்று சாய்த்துவிடும். இறங்கினாலும் ஆடும். மேல் மூலை இரண்டிலிருந்தும் முன்னும் பின்னுமாக நான்கு தங்கூசி (மீன்பிடி நைலோன் நூல்) இழுத்து, மணல் நிரப்பிய அரிசிப் பைகளில் கட்டி, பைகளைப் பிரேமுக்கு வெளியே புதைத்துவிடுங்கள். தங்கூசி எதிர்வெயிலில் மினுங்கும், ஆகவே சூரியன் கமராவின் முதுகுப் பக்கம் இருக்க வேண்டும். குசினிக் கதவின் நிறத்தையே சட்டத்துக்கும் அடிக்க வேண்டும். அடித்துக் காய்ந்தபின் குசினியில் நிற்கவைத்து ஒரு படம் எடுத்து ஒப்பிடுங்கள். பச்சையில் பத்துவிதம் உண்டு, கடைக்காரர் "இதேதான்" என்று சொன்னதை நம்பவேண்டாம்.

ஒட்டு பிடிப்பது காலில்தான். உள்ளே வலது கால் வாசலைத் தாண்டுகிறதென்றால் மணலில் முதலில் விழுவது அதே வலது காலாக இருக்க வேண்டும். தூக்கிய கால் காற்றில் இருக்கும்போதே வெட்டுங்கள். இரண்டு ஷொட்டிலும் முழு அசைவையும் எடுத்து வைத்தால் வெட்டும் புள்ளியை மூன்று நாலு பிரேம் முன்பின் நகர்த்திப் பார்க்கலாம். லென்ஸ் அதே லென்ஸ், உயரம் அதே 1.4, வெண்சமநிலை இரண்டிலும் 5500 கெல்வின். தானியங்கியில் விட்டால் கடற்கரையின் நிறமும் குசினியின் நிறமும் ஒன்றோடொன்று ஒட்டாமல் வரும். அப்படி வந்தால் இரண்டு நாளில் எடுத்தது என்று எல்லோருக்கும் விளங்கும்.

பெரும்பாலும் பிழைப்பது கதவல்ல, உடுப்பு. குசினியில் காய்ந்த சட்டை, கடற்கரையில் வியர்த்து முதுகோடு ஒட்டிய சட்டை. ஒரே மாதிரி இரண்டு வாங்கி, ஒன்றை ஷொட் எடுக்கும் நேரத்துக்கு மட்டும் போடுங்கள். சாரம் கட்டிய விதத்தை முன்னும் பின்னும் படமெடுத்து வையுங்கள். முடிச்சு இடம்மாறுவது எங்கள் ஆட்களின் கண்ணுக்கு முதலில் படும். கடல் மட்டம் பற்றிக் கவலை வேண்டாம், இங்கே வற்றுப்பெருக்கு ஒரு மீற்றருக்கும் குறைவு. ஆனால் விடிய வெளிச்சம் நிற்காது. சூரியன் ஆண்டு முழுதும் 5.45க்கும் 6.25க்கும் இடையில் உதித்து நேரே மேலே ஏறிவிடும், மெல்லிய வெளிச்சம் 20, 25 நிமிடம்தான். ஒத்திகையை முதல் நாளே முடித்து, காலையில் எடுப்பதை மட்டும் செய்யுங்கள். ஏசி அறையிலிருந்து கமராவை நேரே கடற்கரைக்குக் கொண்டுபோனால் லென்ஸ் பனிபூத்து, அந்த நேரத்தில் பாதி அதிலேயே போய்விடும். காற்றுப்புகாத பைக்குள் வைத்து வெளியில் 20 நிமிடம் விட்டபின் திறவுங்கள். உப்புத் திவலை பட்ட லென்ஸைக் காய்ந்த துணியால் தேய்த்தால் கீறும். முதலில் ஊதி, பிறகு ஈரத்துணியால் ஒற்றி எடுக்க வேண்டும்.

எடுத்து முடிந்ததும் நாலு தங்கூசியையும் அறுத்து எடுத்துக்கொண்டு, குழிகளை மூடுங்கள். இருட்டோடு கரைவலை இழுக்க வருகிறவர் கால்வைக்கும் இடம் அது.

இடம் பற்றி ஒன்று. கோணேசர் கோவிலுக்குப் போகும் பாதை கோட்டைக்குள்ளால் போகிறது, கோட்டைக்குள் இராணுவம் இருக்கிறது. கடற்படைத் தளம், துறைமுகம், சீனன்குடா விமானத்தளம் பக்கம் கமராவைத் திருப்பவே கூடாது. ட்ரோனுக்குச் சிவில் விமான சேவை அதிகார சபையின் அனுமதி வேண்டும். இந்த மாதிரிப் படத்துக்கு ட்ரோன் எதற்கு என்பதும் என் கேள்வி. அன்றாட வாழ்க்கையை யாரும் 100 மீற்றர் உயரத்திலிருந்து வாழ்வதில்லை.

நிழல் விதியை உடைக்க விரும்புகிறவருக்கு ஆண்டில் இரண்டு தடவை இயற்கையே உதவும். ஏப்ரல் 12ஐ அண்டியும் ஓகஸ்ட் கடைசியிலும் சூரியன் திருமலைக்கு நேர் உச்சியில் வருகிறது, மதியம் 12.05க்குக் கிட்டே. மின்கம்பம், சைக்கிள், ஆள் எல்லாம் நிழலைக் காலுக்குக் கீழே விழுங்கிக்கொள்ளும். சூரியன் பத்து நிமிடத்தில் இரண்டரைப் பாகை நகரும். அப்போது 170 செ.மீ. ஆளுக்கு ஏழரை செ.மீ. நிழல் எட்டிப் பார்க்கும். ஆகவே கையில் இருப்பது முன்னே பத்து, பின்னே பத்து, மொத்தம் 20 நிமிடம். மூன்று நாள் முன்பின் போனாலும் மூன்று நாலு செ.மீ.தான் கூடும். முகில் மறைத்தால் மறுநாள் வரலாம். ஏப்ரலில் இது புத்தாண்டுக்கு முந்திய அலங்கோல நாட்களில் வரும், யாரும் நேரத்துக்கு வரமாட்டார்கள் என்பதையும் கணக்கில் வையுங்கள்.

இந்த வெளிச்சத்தில் முகத்தை அண்மையில் எடுக்கவேண்டாம், கண் இரண்டும் குழியாகத் தெரியும். மாடியிலிருந்து கீழ்நோக்கி, அகலமாக. போனுக்குக் குடை பிடிக்காவிட்டால் சூடேறித் தானாக நின்றுவிடும். எல்லோருக்கும் நிழல் இல்லாதபோது ஒருவருக்கு மட்டும் மாலை நேர நீள நிழல் இருந்தால்? சீமெந்துத் தரையில் சோக்கால் கோடு போட்டு, பெயின்ற் பிரஷால் தண்ணீர் தடவி வரைந்துவிடலாம். ஈரச் சீமெந்து நிழலின் கருமைக்குச் சரியாக வரும். பிறகு ஆளை அங்கிருந்து போகச் சொல்லுங்கள். நிழல் மட்டும் தரையில் கிடந்து, வெயிலில் ஓரத்திலிருந்து சுருங்கிச் சுருங்கிக் காணாமல் போகும். கணினி வேலை ஒன்றுமில்லை, இரண்டு லீற்றர் தண்ணீர்தான் செலவு. சோக்குக் கோட்டைத் தண்ணீர் பிரஷாலேயே தேய்த்து அழித்துவிட வேண்டும், இல்லாவிட்டால் காய்ந்தபின் வெள்ளைக்கோடு காட்டிக்கொடுக்கும். எவ்வளவு நேரத்தில் காய்கிறது என்பதை அதே தரையில் முதல் நாள் பாருங்கள், தரைக்குத் தரை மாறும்.

தலைகீழாக ஓட்டும் உத்தியைப் பற்றி ஒரு எச்சரிக்கை. தேத்தண்ணி ஆத்துவதைப் பின்னோக்கி ஓட்டினால் அசத்தும் என்று எல்லோருக்கும் தோன்றும். ஓட்டிப் பார்த்தால் வித்தியாசமே தெரியாது. 1/50 ஷட்டரில் விழும் தேத்தண்ணி வெறும் பட்டி, அது ஏறுகிறதா இறங்குகிறதா என்று கண் கண்டுபிடிக்காது. துளி துளியாகத் தெரிந்தால்தான் திசை தெரியும், அதற்கு முற்றத்து வெயிலில் 1/500க்கு மேல், 100 பிரேம். நுரை அடங்குவதும், தரையில் சிந்தியது கூடிக் கோப்பைக்குள் தாவுவதும்தான் காட்சி. வெள்ளைச் சுவருக்கு முன் 200 மி.லீ. கடும் பிளேன்ரீ. சீனி போடாதீர்கள், எறும்பு வந்துவிடும். ஆறு தடவைக்கு ஆறு கோப்பை தயாராக இருக்கட்டும், தரையை ஒவ்வொரு தடவையும் முழுதாகத் துடையுங்கள். பின்னணியில் காகம் பறந்தால் அதுவும் பின்னோக்கிப் பறக்கும். ஒருவர் சனத்துக்கு நடுவே பின்புறமாக நடந்து, அதைத் தலைகீழாக்கினால் அவர் நேராகவும் ஊர் முழுவதும் பின்னோக்கியும் போகும். அப்படி நடப்பவர் உடம்பைப் பின்னால் சாய்க்காமல், கையை வழமைபோல வீச வேண்டும். ஒரு மணித்தியாலப் பயிற்சி இல்லாமல் வராது.

தானாக நடக்கும் செருப்புக்கு நொடிக்கு 12 அல்லது 13 படம், ஒவ்வொன்றும் இரண்டு பிரேம். பத்து நொடிக்கு 125 படம். ஓர் எட்டுக்கு ஆறு படம் என்றால் ஒரு செருப்பு 60 செ.மீ. போகவேண்டும். 10, 10 என்று சமமாக நகர்த்தினால் இயந்திரம் மாதிரி இருக்கும். 4, 10, 16, 16, 10, 4 என்று போனால் கால் இருப்பதுபோல் இருக்கும். மணலில் செய்வது வீண்வேலை, நகர்த்துகிறவரின் காலடி விழுந்துகொண்டே இருக்கும். சீமெந்து விறாந்தைதான் இதற்கு இடம்.

ஒலியில்தான் குறைந்த செலவில் கூடிய பலன். பாண் விற்றுவரும் ஓட்டோவின் இசை தெருவில் கேட்பது வாழ்க்கை. அதே இசை அலுமாரிக்குள் மெல்லக் கேட்டு, கதவைத் திறந்ததும் நின்றுவிடுவது நம் படம். அலுமாரிக்குள்ளே இருப்பதுபோல் ஒலிக்க வைக்க மென்பொருள் வேண்டாம். ஒரு போனில் இசையை ஓடவிட்டு உண்மையாகவே சேலைகளுக்குள் வைத்துப் பூட்டி, வெளியிலிருந்து பதியுங்கள். ஒலி படத்தைவிடச் சில பிரேம் பிந்தினால் மூளை அதைத் தவறு என்று எடுத்துக்கொள்ளும், அதிசயம் என்று எடுக்காது. ஒவ்வோர் இடத்திலும் யாரும் பேசாமல் 60 நொடி வெறுமையைப் பதிந்து வையுங்கள். குசினியின் வெறுமையும் கடற்கரையின் வெறுமையும் வேறு. கதவு வெட்டில் படத்துக்கு அரை நொடி முன்பே அலைச்சத்தம் வந்தால் ஒட்டு இன்னும் மென்மையாகும். கச்சான் (தென்மேற்குக் காற்று) வீசும் மாதங்களில் போன் மைக்கில் காற்றைத் தவிர ஒன்றும் பதியாது. மைக்குக்கு மயிர்த்துணி உறை தைத்துப் போடுங்கள், அல்லது அந்த ஒலியைப் பிறகு வீட்டில் செய்யுங்கள். பாங்கு, கோவில் மணி, தேவாலய மணி மூன்றையும் இடம்மாற்றி விளையாடவேண்டாம். இந்த ஊரில் அது விளையாட்டாக எடுபடாது, எடுபடவும் தேவையில்லை.

எடிட்டில் முதல் ஒரு நிமிடம் எதுவும் உடையக்கூடாது. கேத்தில் கொதிக்கட்டும், சீனி கரையட்டும், கதவு ஒருதடவை ஒழுங்காகத் திறந்து ஒழுங்கான முற்றத்தைக் காட்டட்டும். இதைச் சலிப்பு என்று வெட்டுகிறவர்கள்தான் அதிகம். வெட்டிவிட்டால் பிறகு உடைவதற்கு விதியே இருக்காது. முதல் உடைவு ஒரு நிமிடம் பத்து நொடியளவில், அதன்பின் இரண்டு, மூன்று, ஒவ்வொன்றிலும் கொஞ்சம் மாற்றம். பின்னணியில் "ம்ம்ம்" என்று இழுக்கும் மர்ம இசை வேண்டாம். கடைசியில் ஆளைக் கட்டிலில் எழுப்பிவிடவும் வேண்டாம்.

வெளியே அனுப்பும் கோப்புக்கு 1080 அளவு, 25 பிரேம், எச்.264 என்ற சுருக்கமுறை, நொடிக்கு 16 மெகாபிட் போதும். விழா 24 பிரேம் கேட்டால் நான்கு வீதம் மெதுவாக்கலாம், ஆறு நிமிடப் படம் ஆறு நிமிடம் 15 நொடி ஆகும். பெயர்ப் பட்டியலைத் தமிழில் போடுமுன் "கொக்கு, சௌந்தரம், ஸ்ரீ" என்று அடித்துப் பாருங்கள். சில எடிட் மென்பொருள்களில் கொம்பு ஒருபக்கமும் எழுத்து ஒருபக்கமும் நிற்கும். அப்படியானால் பெயர்களைப் படமாகச் செய்து ஒட்டவேண்டியதுதான். சிங்கள, ஆங்கில உரைவரிகளைத் தனிக் கோப்பாக வையுங்கள்.

திரையிடுவது பெரும்பாலும் பாடசாலை மண்டபமாகவோ வாசிகசாலையாகவோ இருக்கும். புரொஜெக்டர் இருட்டை எல்லாம் சாம்பலாக்கும், ஆகவே குசினிக் காட்சியை ஒரு படி வெளிச்சமாக்கிய இன்னொரு பிரதி கையில் இருக்கட்டும். அலுமாரிக்குள் கேட்கும் அந்த மெல்லிய பாண் இசையை, மண்டபத்து விசிறி எல்லாம் சுழலும்போது கடைசி வரிசையில் இருந்து கேட்டுப் பாருங்கள். கேட்காவிட்டால் ஒலியைக் கூட்டுங்கள். விசிறியை நிறுத்தச் சொன்னால் ஆட்கள் எழும்பிப் போய்விடுவார்கள்.